முப்பத்தாறு பிட்டுக்குள் ஒரு குகை

அந்தக் குள்ளன் யாருடையவன்? இந்த ஒரு கேள்விக்காகத்தான் நான் இந்த வேலையில் இறங்கினேன்.

‘கொலோசல் கேவ் அட்வென்ச்சர்’ என்ற கணினி விளையாட்டில் படம் கிடையாது, ஒலி கிடையாது. எல்லாம் எழுத்துதான். காட்டோரம் ஒரு செங்கல் கட்டடம், அருகே ஓடை, சற்றுத் தள்ளி பூட்டிய கம்பிக் கதவு. சாவியையும் விளக்கையும் எடுத்துக்கொண்டு கதவைத் திறந்து இறங்கினால் குகை. ‘வடக்கே’, ‘விளக்கை எடு’ என்பதுபோல் ஓரிரு ஆங்கிலச் சொற்களைத் தட்டச்சு செய்தால் கணினி உங்களை நகர்த்தும். உள்ளே போகப்போக, ஒரு கட்டத்தில் இருட்டிலிருந்து குள்ளன் ஒருவன் ஓடிவந்து கோடரியை உங்கள் மேல் வீசிவிட்டு ஓடிவிடுவான். இன்றைக்குச் சாகச விளையாட்டு என்று சொல்லப்படும் வகை முழுவதும் இதிலிருந்து கிளைத்ததுதான். எம்.ஐ.டி.யில் ‘ஸோர்க்’ எழுதியவர்களும், 1980இல் ‘மிஸ்டரி ஹவுஸ்’ செய்த ராபர்ட்டா வில்லியம்ஸும் முதலில் இந்தக் குகையில் இறங்கிப் பார்த்தவர்கள்.

விளையாட்டுக்கு ஆசிரியர்கள் இருவர். வில் கிரௌதர் 1975-76இல் எழுதினார். டான் வுட்ஸ் 1977இல் விரிவாக்கினார். கிரௌதர் எழுதியது வெறும் குகையின் வரைபடம், மாயமும் மந்திரமும் வுட்ஸ் சேர்த்தவை என்று பல ஆண்டுகளாகச் சொல்லி வந்தார்கள். நானும் ஒரு கட்டுரையில் அப்படித்தான் எழுதினேன். யாரோ சொன்னதை வைத்து எழுதிய வரி அது. மூலத்தை நான் பார்த்ததில்லை. அந்த வரி நெடுநாள் உறுத்திக்கொண்டே இருந்தது.

என் மடிக்கணினியில் அட்வென்ச்சர் ஏற்கெனவே இருந்தது. லினக்ஸில் பழைய விளையாட்டுகளின் தொகுப்பை நிறுவினால் அதுவும் சேர்ந்தே வரும். ஆனால் அது ஜிம் கில்லாக்லி 1977இல் ராண்ட் நிறுவனத்தில் இருந்தபோது சி மொழிக்கு மாற்றிய வடிவம். மைக்ரோசாஃப்ட் 1979இல் வெளியிட்டதும், எரிக் ரேமண்ட் இரு ஆசிரியர்களின் இசைவோடு 2017இல் வெளியிட்டதும், வில்லியம்ஸ் தம்பதி 2023இல் முப்பரிமாணத்தில் செய்ததும் எல்லாமே வுட்ஸின் வழிவந்தவை. சுவடிப் பதிப்பில் பழகியவர்களுக்கு இந்த நிலை புரியும். ஏடுகள் எத்தனை கிடைத்தாலும் எல்லாம் ஒரே படியிலிருந்து பெயர்த்தெழுதப்பட்டவை என்றால், இடைச்செருகல் எது, மூலபாடம் எது என்று அவற்றை வைத்துச் சொல்ல முடியாது. வுட்ஸ் கை வைப்பதற்கு முந்தைய ஏடு வேண்டும்.

அந்த ஏட்டின் கதை கென்டக்கி மாநிலத்துச் சுண்ணாம்புப் பாறைகளில் தொடங்குகிறது. கிரௌதர் மாசசூசெட்ஸில் பி.பி.என். நிறுவனத்தில் வேலை பார்த்தவர். இணையத்தின் முன்னோடியான ஆர்பாநெட்டில் கணினிகளை இணைத்த ஐ.எம்.பி. பொறிகளுக்கு நிரல் எழுதிய சிறு குழுவில் ஒருவர். விடுமுறை நாட்களில் பாறை ஏறுவார், குகைக்குள் ஊர்வார். அவர் மனைவி பட்ரீஷியா அவரினும் பெரிய குகையாளர். ஃபிளின்ட் ரிட்ஜ் குகைத் தொகுதியும் மாமத் குகையும் உள்ளே ஒன்றுதான் என்று 1972 செப்டம்பர் 9 அன்று உறுதிசெய்த அறுவரில் அவரும் ஒருவர். அந்த இணைப்போடு குகையின் அளந்த நீளம் 144.4 மைல் ஆயிற்று. உலகிலேயே நீண்ட குகை அதுதான் என்ற நிலை இன்றும் மாறவில்லை. ஒவ்வொரு பயணத்திலும் எடுத்த அளவுகளைக் கணவனும் மனைவியும் டெலிடைப் வழியாகக் கணினியில் ஏற்றி வரைபடமாக்கினார்கள்.

பிறகு இருவரும் பிரிந்தார்கள். குகைக்குப் போவதையும் கிரௌதர் நிறுத்திவிட்டார். தம்மைப் பார்க்க வரும் இரண்டு பெண் குழந்தைகளுக்காகத்தான் இந்த விளையாட்டை எழுதியதாக அவரே சொல்லியிருக்கிறார். கணினி தெரியாதவர்களும் பயந்து ஒதுங்காமல் விளையாட வேண்டும் என்பதற்காகவே சாதாரணச் சொற்களில் கட்டளையிடும்படி அமைத்தார். மாமத் தொகுதியில் தாம் அளந்து பழகிய பெட்குவில்ட் பகுதியையே குகையாக வைத்தார். ஒரு குடும்பம் சேர்ந்து ஊர்ந்து திரிந்த இடம், அந்தக் குடும்பம் கலைந்த பிறகு எழுத்தாகத் திரும்பி வந்தது. நிரலைப் படிக்கும்போது இதை என்னால் மறக்க முடியவில்லை.

1976இல் ஸ்டான்ஃபோர்டில் மாணவராக இருந்த வுட்ஸ், அங்குள்ள மருத்துவ மையக் கணினியில் இந்த விளையாட்டைக் கண்டார். தவறுகளும் குறைகளும் இருந்தால் கிரௌதருக்குத் தெரிவிக்கும்படி அதில் ஒரு வரி இருந்தது, முகவரி இல்லை. வுட்ஸ் ஆர்பாநெட்டில் அப்போது இருந்த ஒவ்வொரு கணினிக்கும் ‘கிரௌதர்’ என்ற பெயருக்கு ஒரு கடிதம் அனுப்பினார். வலையமைப்பு அவ்வளவு சிறியது என்பதால் அது நடந்தது. அதற்குள் ஜெராக்ஸ் நிறுவனத்துக்கு மாறியிருந்த கிரௌதர் மூலநிரலைத் தந்தார். வுட்ஸ் விரிவாக்கிய வடிவம் கணினிக்குக் கணினி பரவியது. கிரௌதரின் வடிவம் கண்ணில் படாமல் போயிற்று. எழுதியவரிடமே பிரதி இல்லை.

அதைத் தேடி எடுத்தவர் பென்சில்வேனியாவின் சீட்டன் ஹில் பல்கலைக்கழக ஆங்கிலப் பேராசிரியர் டென்னிஸ் ஜெர்ஸ். கோப்பு அகப்பட்ட இடம், வுட்ஸின் பழைய மாணவர் கணக்கின் பேக்கப். ஸ்டான்ஃபோர்டின் செயற்கை நுண்ணறிவு ஆய்வுக்கூடத்தில் ‘டார்ட்’ என்ற நிரல், எல்லாருடைய கோப்புகளையும் காந்த நாடாவில் நகலெடுத்துக்கொண்டிருந்தது. எது முக்கியம், எது குப்பை என்று அது பார்க்கவில்லை. அப்படித் தேர்ந்தெடுக்கத் தொடங்கியிருந்தால், ஒரு மாணவர் வைத்திருந்த விளையாட்டுக் கோப்பு முதலில் கழிக்கப்பட்டிருக்கும். 2005இல் கோப்பு வெளியே வந்தது. அதே ஆண்டு ஜெர்ஸ் குகையாளர்களோடு பெட்குவில்ட்டுக்குள்ளேயே இறங்கி, விளையாட்டின் அறைகளை உண்மைப் பாறைகளோடு ஒப்பிட்டார். அவருடைய விரிவான ஆய்வு 2007இல் ‘டிஜிட்டல் ஹியூமானிட்டீஸ் குவாட்டர்லி’ இதழில் வந்தது. விளையாட்டின் ‘ஒய்2’ என்ற விசித்திரமான அறைப் பெயர் குகை அளப்போரின் நிலையக் குறியீடு. அதைப் படித்தபோது எனக்குப் பழைய பாடலொன்றில் பொருள் விளங்காமல் நின்ற சொல் ஒன்று துலங்கியதுபோல் இருந்தது.

ஜெர்ஸின் ஆய்வைப் படித்ததோடு நான் நின்றிருக்கலாம். விடை அதில் இருக்கிறது. ஆனால் ஒருமுறை பிறர் சொல்லைக் கேட்டுத் தவறாக எழுதியவன், இன்னொருவர் சொல்லைக் கேட்டுத் திருத்தினால் அது திருத்தம் ஆகாது. கோப்பு இப்போது பொதுவில் கிடைக்கிறது. இறக்கிப் படித்தேன். ஃபோர்ட்ரான் நிரல் ஒன்று, ஏறத்தாழ 700 வரி. தரவுக் கோப்பு ஒன்று, அதுவும் ஏறத்தாழ 700 வரி. 78 இட விவரணைகள், அவற்றில் அறைகள் 66. அகராதியில் 193 சொற்கள். கோப்பின் பெயரிலேயே தேதி இருந்தது: 77-03-11. சில நாட்கள் பிந்தைய தேதியிட்ட கோப்புகளில் வுட்ஸின் கை தெரிகிறது. இதில் மதிப்பெண் முறை இல்லை, கடற்கொள்ளையன் இல்லை, பாலத்துப் பூதமும் டிராகனும் இல்லை, குறைகளைக் கிரௌதருக்கே தெரிவிக்கச் சொல்கிறது. வுட்ஸ் கை வைப்பதற்கு முந்தைய ஏடு இதுதான் என்று நம்ப இவ்வளவு சான்று போதும்.

ஆனால் நிரலை வாசிப்பது வேறு, ஓட்டுவது வேறு. ‘கோ டூ’ என்று பத்து இடங்களுக்குத் தாவும் பழைய ஃபோர்ட்ரானில், ஒரு வரி எழுதப்பட்டிருப்பதால் மட்டும் அது நடக்கிறது என்று சொல்ல முடியாது. குள்ளன் நிரலில் இருக்கிறானா என்பதோடு, அவன் உண்மையில் வருகிறானா என்பதையும் பார்க்க வேண்டும். பார்க்க வேண்டுமானால் ஓட்ட வேண்டும்.

இந்த நிரலை இன்றைய கணினியில் ஓடும்படி 2007இலேயே வேறொருவர் மாற்றித் தந்திருக்கிறார். அதை நான் வேண்டுமென்றே திறக்கவில்லை. அவர் எதை மாற்றினார் என்று பார்ப்பதற்கு முன், எது மாற்றியே தீர வேண்டியது என்று நானே கண்டுபிடிக்க விரும்பினேன். ஜிஃபோர்ட்ரான் கம்பைலரிடம் கோப்பைக் கொடுத்தேன். முதல் மாலை முழுவதும் பிழைச் செய்திகள். திரையில் எழுத இந்த நிரல் ‘டைப்’ என்கிறது, உள்ளீட்டை வாங்க ‘அக்செப்ட்’ என்கிறது. இரண்டும் டிஜிட்டல் எக்விப்மென்ட் நிறுவனத்தின் ஃபோர்ட்ரானில் வழங்கிய சொற்கள். கம்பைலரில் அந்நிறுவனத்தின் பழைய வழக்குகளுக்கென்று இருக்கும் தனிச் சொடுக்கைப் போட்டதும் சில பிழைகள் அடங்கின.

அடுத்த சிக்கல் தரவுக் கோப்பில். ஒவ்வொரு வரியிலும் முதலில் ஓர் எண், பிறகு டேப், பிறகு விவரணை. நிரல் அகலம் குறிப்பிடாமல் ‘எண்ணைப் படி’ என்று மட்டும் சொல்கிறது. பழைய கம்பைலருக்கு டேப் வந்ததும் எண் முடிந்துவிட்டது என்று தெரியும். இன்றைய கம்பைலர் தானே ஓர் அகலத்தை வைத்துக்கொண்டு அந்த அளவுக்கு எழுத்துகளை அள்ளி, அதில் விவரணையின் சொற்களும் விழ, இது எண்ணே இல்லை என்று நின்றுவிடுகிறது. எண்ணையும் விவரணையையும் பிரித்தெடுக்கச் சிறு துணைநிரல் எழுதினேன். எழுதிய ஒவ்வொரு வரியையும் நோட்டில் குறித்துக்கொண்டேன்.

தரவை எல்லாம் படித்து முடித்ததும் நிரல் ஒரு ‘பாஸ்’ போட்டு நின்றது. பிழை என்று நினைத்தேன். பிழையில்லை. தரவைப் படித்து முடித்த நிலையில் நினைவகத்தை அப்படியே சேமித்துக்கொண்டால் அடுத்த முறை மீண்டும் படிக்க வேண்டாம். அதற்காக வைத்த நிறுத்தம் அது. தொடரச் சொன்னதும் வரவேற்பு வந்தது. சிறிய எழுத்தில் ஒரு கட்டளை தட்டினேன், புரியவில்லை என்றது. பெரிய எழுத்தில் தட்டினேன், கட்டடத்துக்குள் போனேன். அங்கே விளக்கு இருந்தது.

‘கெட் லேம்ப்’ என்று அடித்தேன். அந்தச் சொல் தெரியாது என்றது. திரும்பத் திரும்ப அடித்தாலும் அதே பதில். ஒற்றைச் சொல் கட்டளைகள் எல்லாம் வேலை செய்தன. இரண்டு சொல் என்றால் தடுமாறியது. விளக்கு இல்லாமல் குகைக்குள் போக முடியாது.

உள்ளீட்டைப் பிரிக்கும் சிறு துணைநிரலைத் திறந்தேன். பெயர் ‘கெட்இன்’. அதில் இருந்த ஓர் எண்ணில் கண் நின்றது: 774000000000. எட்டு அடிமான எண். பக்கத்தில் இன்னொன்று: 201004020100. எண்ணிப் பார்த்தேன், இரண்டிலும் பன்னிரண்டு இலக்கம். எட்டு அடிமானத்தில் ஓர் இலக்கத்துக்கு 3 பிட். 12 × 3 = 36.

கிரௌதரின் கணினி பி.டி.பி.-10. அதன் ஒரு ‘சொல்’ 36 பிட் நீளம். ஓர் எழுத்துக்கு 7 பிட் என்று வைத்தால் அதற்குள் ஐந்து எழுத்து அடங்கும். ஒரு பிட் மிஞ்சும். இரண்டாவது எண்ணைத் தாளில் பிட் பிட்டாகப் பிரித்து எழுதினேன். ஏழு ஏழாகக் கூறுபோட்டால் ஒரே உருவம் ஐந்து முறை வருகிறது, கடைசியில் ஒரு பூஜ்யம். அந்த உருவம் வெற்றிடத்தைக் குறிக்கும் குறியீடு. ஐந்து வெற்றிடங்களை ஒரே எண்ணாக எழுதி வைத்திருக்கிறார்! முதல் எண்ணை மேலே வைத்து முதல் எழுத்தை மட்டும் தெரியவிடுகிறார். அது வெற்றிடமா என்று கேட்கிறார். இல்லையென்றால் அடுத்த எழுத்து. இரண்டு சொற்களுக்கு நடுவே உள்ள இடைவெளியை நிரல் இப்படித்தான் கண்டுபிடிக்கிறது.

என் கணினியில் ஓர் எழுத்துக்கு 8 பிட். அதோடு பி.டி.பி.-10இல் முதல் எழுத்து சொல்லின் மேல்முனையில் இருக்கும். என்னுடையதில் கீழ்முனையில் இருக்கிறது. ஆக அந்த எண்கள் இங்கே வெற்றிடம் இல்லாத இடத்தில் வெற்றிடத்தைத் தேடிக்கொண்டிருந்தன. ‘கெட்’டின் மூன்று எழுத்து, ஓர் இடைவெளி, ‘லேம்ப்’பின் முதல் எழுத்து, இந்த ஐந்தையும் ஒரே சொல்லாகக் கொண்டுபோய் அகராதியில் தேடியிருக்கிறது. கிடைக்காததில் வியப்பில்லை.

இந்த ஐந்தெழுத்துக் கணக்கு விளையாட்டு முழுவதும் பரவியிருக்கிறது. அகராதியின் சொற்கள் முதல் ஐந்து எழுத்தோடு வெட்டப்பட்டவை. நீளமான சொல்லை முழுதாக அடித்தாலும் ஐந்தைத்தான் பார்க்கும். குகைக்குள்ளிருந்து கட்டடத்துக்குத் தாவ உதவும் புகழ்பெற்ற எக்ஸ்-ஒய்-இசட்-இசட்-ஒய் மந்திரமும் ஐந்தெழுத்துதான். டாப்ஸ்-10 இயங்குதளத்தில் கோப்புப் பெயருக்கு ஆறு எழுத்துதான் இடம். அதனால்தான் பலர் இந்த விளையாட்டை ‘அட்வென்ட்’ என்ற பெயரில் அறிந்தார்கள். 36 பிட் என்ற அளவை இந்த நூலுக்கு வெளியே இருந்த ஏதோ பொறியின் குணம் என்று ஒதுக்க முடியாது. ஏட்டின் அகலம் அடியை எங்கே மடிக்க வேண்டும் என்று எழுதியவன் கைக்குச் சொல்வதுபோல், அது இங்கே சொல்லின் நீளத்தையே தீர்மானித்திருக்கிறது.

வெற்றிடம் தேடும் பகுதியை மட்டும் 8 பிட்டுக்கு மாற்றி எழுதினேன். ‘கெட் லேம்ப்’. விளக்கு கைக்கு வந்தது. பெரிய வேலை ஒன்றும் இல்லைதான். ஆனாலும் கொஞ்ச நேரம் எழுந்து நடந்துவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

அதன் பிறகு குகை. கம்பிக் கதவைத் திறந்து, கூழாங்கல் பரவிய தாழ்ந்த வழியில் மேற்கே ஊர்ந்து, ஜெர்ஸ் உண்மையில் போன அதே வரிசையில் போனேன். முதன்முறை பெட்குவில்ட்டுக்குள் வந்த குகையாளர் ஒருவர், இந்த விளையாட்டை ஆடிய நினைவைக் கொண்டே வழி கண்டுபிடித்தார் என்று குகையாளரிடையே ஒரு கதை உண்டு. விவரணைகளைப் படித்தால் நம்பத் தோன்றுகிறது. கை வைக்க இடம் இருக்கிறதா, குனிய வேண்டுமா, ஊர வேண்டுமா என்பதைக் கிரௌதர் உடம்பால் அறிந்து எழுதுகிறார். அலங்காரம் கிடையாது. பறவையைக் கூண்டில் பிடித்தேன், பாம்பின் முன் விட்டேன், பாம்பு விரட்டப்பட்டது. கோலை ஆட்டினேன், பிளவின் மேல் பளிங்குப் பாலம் தோன்றியது. வெறும் குகையின் வரைபடம் என்று என் கட்டுரையில் நான் சொல்லிவிட்ட நிரலில் இவ்வளவும் நடந்தன.

குள்ளன் வரவில்லை. நிரலில் இருக்கிறான், முதல் குள்ளன் எதிர்ப்படும் வாய்ப்பு, ஒவ்வொரு நகர்வுக்கும் நூற்றுக்கு ஐந்து என்று எழுதியிருக்கிறது. மண்டபத்துக்கும் மண்டபத்துக்குமாக நடந்தேன். இரண்டு முறை வெளியே வந்து மீண்டும் போனேன். பிறகு ஒரு நகர்வில், மூலையிலிருந்து வந்தான்; கோடரியை வீசினான்; குறி தவறியது; சபித்துவிட்டு ஓடினான். கோடரி தரையில் கிடந்தது. எடுத்துக்கொண்டேன்.

எமுலேட்டரிலும் ஒருமுறை ஓட்டிப் பார்த்தேன். பாப் சப்னிக் தொடங்கிய சிம்எச், பி.டி.பி.-10ஐ மென்பொருளாகவே உருவாக்கித் தருகிறது. அங்கே 36 பிட் 36 பிட்டாகவே இருப்பதால், வெற்றிடம் தேடும் எண்களில் ஒன்றையும் தொட வேண்டியதில்லை. விளையாடிப் பார்க்க மட்டும் ஆசைப்படுகிறவர்களுக்கு மாற்றி எழுதிய வடிவமே போதும். யார் எதை எழுதினார் என்று பேச வருகிறவர்கள் எமுலேட்டர் பக்கம் போக வேண்டும் என்பது என் கருத்து. மாற்றி எழுதும்போது நான் அந்தப் பன்னிரண்டு இலக்க எண்களை அழித்தேன். அழித்த இடத்தில்தான் கிரௌதரின் கணினி இருந்தது.

வுட்ஸின் பங்கை இதனால் குறைத்துச் சொல்லவில்லை. கிரௌதர் வைத்த ஐந்து புதையல்களைப் பதினைந்தாக்கியவர் அவர். மதிப்பெண்ணும், முடிவும், தீர்ந்துபோகும் விளக்கும் அவருடையவை. உலகம் விளையாடியது அவருடைய வடிவத்தைத்தான். ஆனால் பறவை, பாம்பு, பாலம், மந்திரச்சொல், கோடரி வீசும் குள்ளன் ஆகியவை கிரௌதர் தம் பிள்ளைகளுக்காக எழுதியவை. நான் முன்பு எழுதியது தவறு.

இந்த நிரலை ஓட்டிப் பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். இறக்கிய கோப்பைத் தொடாமல் ஒரு பிரதி தனியே வையுங்கள். மாற்றும் ஒவ்வொரு வரியையும் தேதியோடு குறித்து வையுங்கள். என் நோட்டில் அப்படிக் குறித்தவை மூன்று பக்கம் இருக்கின்றன. குள்ளன் வரும் வரிகளில் ஒன்றுகூட அதில் இல்லை.